உப்பும் காற்றும் தொலைத்த கடிதங்கள்

அத்தியாயம் ஆறு

"மாலை ஐந்து மணி," என்றார் துல்சே. "அதுவரை பொறுப்பேன். ஐந்து மணிக்கு இது போலீஸ் நிலையத்தில் இருக்கும்."

மேசைமேல் கிடந்த புகார்க் கடிதத்தை ஒரு விரலால் தட்டிக் காட்டினார். சுவர்க் கடிகாரத்தில் பத்தேகால். சுவிட்சர்லாந்தில் ஒருவர் ஐந்து மணி என்றால் அது ஐந்து மணிதான். எங்கள் திருச்சியில் சொல்கிற ஐந்து மணி அல்ல. துல்சே பிறந்தது அட்லாண்டிக் கடலில் இருக்கும் கேப் வெர்டே தீவுகளில். அங்கேயும் ஐந்து மணி என்றால் ஆறரைதான் என்று கேள்வி. ஆனால் இந்த அம்மா முப்பது வருடமாக இங்கே இருக்கிறார். கெட்டுப்போய்விட்டார்.

என் பெயர் ஈஸ்வர். மனைவி நந்திதாவுக்கு சூரிச்சில் மென்பொருள் வேலை கிடைத்தபோது பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே வந்தவன். இரண்டு வருடம் சாம்பார் வைத்தேன், ஜெர்மன் வகுப்பில் ஒரே பரீட்சையில் இரண்டு முறை தோற்றேன். பிறகு துப்பறிவாளர் வேணுகா என்னை உதவியாளனாக எடுத்துக்கொண்டார். "நான் யோசிக்கேக்கை மற்ற ஆக்கள் பாத்துக்கொண்டிருக்க ஒரு ஆள் வேணும். நீங்கள் நல்லாக் கதைக்கிறீங்கள்" என்பதுதான் நேர்காணலில் அவர் சொன்ன மொத்தமும்.

வேணுகா யாழ்ப்பாணத்துக்காரர். நாற்பத்தெட்டு வயது. ஒரு காப்புறுதி நிறுவனத்தில் பதினாறு வருடம் உட்கார்ந்து, பொய்யாக நஷ்டஈடு கேட்பவர்களை இனிமையாகப் பேசியே கவிழ்த்தவர். அங்கே பழகிய ஒரு வழக்கத்தை இன்னும் விடவில்லை. யார் என்ன சொன்னாலும் முதலில், "அப்பிடியோ?" என்பார். அந்த ஒரு சொல்லுக்கே பாதிப் பேர் உளறிவிடுவார்கள்.

அன்று எங்களைச் சூரிச்சை ஒட்டிய ஷ்லீரனுக்கு அழைத்தது துல்சே அல்ல. கதவோரத்தில், உயரமான ஒரு காலித் தட்டுக்குக் கீழே, நாற்காலியில் கைப்பையை மடியில் அணைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்த பிரபாலினி. பழைய தொழிற்சாலைக் கட்டடத்தின் மூன்றாம் மாடியில் உள்ள இந்த அலுவலகத்தைப் பத்து வருடமாக ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் துப்புரவு செய்பவர். இந்த வியாழக்கிழமை அவருக்கு நகராட்சியில் குடியுரிமை நேர்காணல். இருபத்திரண்டு வருடம் காத்திருந்து கிடைத்த நாள். போலீசில் ஒரு புகார் பதிவானால் கோப்பை மூடி வைத்துவிடுவார்கள். வழக்கு முடிய ஒரு வருடமோ இரண்டு வருடமோ ஆகலாம். அதன்பிறகு மறுபடி வரிசையின் கடைசியில் நிற்க வேண்டும்.

"நான் எடுக்கேல்லை அக்கா," என்றார் வேணுகாவிடம், நாலாவது தடவையாக. "அந்த மேசையில நான் கவரையே காணேல்லை."

"அப்பிடியோ?" என்றார் வேணுகா.

பிரபாலினி உளறவில்லை. "ஓம்," என்றார். அவ்வளவுதான்.

தொலைந்தது என்னவென்று துல்சே எங்களுக்குச் சொன்னார். எனக்காக மெதுவான ஜெர்மனில், இடையிடையே ஆங்கிலம் கலந்து. இந்த அலுவலகம் ஒரு பண்பாட்டு இதழினுடையது. பெயர் 'சால் இ வெந்தோ', அதாவது உப்பும் காற்றும். போர்ச்சுகீசிய மொழி பேசும் இரண்டு நாடுகள், போர்ச்சுகலும் கேப் வெர்டேயும். சுவிட்சர்லாந்தில் வாழும் இரண்டு நாட்டுக்காரர்களுக்கும் சேர்த்து ஒரே இதழ். ஆசிரியர்களும் இருவர். கேப் வெர்டே பாதிக்குத் துல்சே, போர்ச்சுகல் பாதிக்கு அர்மிந்தோ.

ஒரு பிரதியை எடுத்துக் கொடுத்தார். முன்னட்டையைத் திறந்தால் போர்ச்சுகல். பின்னட்டை எங்கே என்று திருப்பினால் அதுவும் முன்னட்டை. தலைகீழாகப் பிடித்துத் திறந்தால் கேப் வெர்டே. இரண்டும் நடுப்பக்கத்தில் வந்து முட்டிக்கொள்கின்றன.

"யார் முதல் பக்கம் என்று சண்டை வராது," என்றேன்.

"நடுப்பக்கம் யாருக்கு என்று வரும்," என்றார் துல்சே. "இந்தத் தடவை வந்தது."

பத்தாம் ஆண்டு மலர். நடுப்பக்கத்துக்கு முப்பத்தொரு கடிதங்கள். லௌசானில் மகளோடு வாழும் ஃபிலோமினா என்ற எண்பத்தொரு வயதுப் பெண்மணிக்கு, அவர் கணவர் லிஸ்பனில் கட்டட வேலை செய்த ஆறு வருடத்தில் எழுதியவை. மனிதர் ஊர் திரும்பவில்லை. சாரம் சரிந்து அங்கேயே போய்விட்டார். ஒரு புகைப்படம்கூட இல்லை. அந்தக் கடிதங்கள்தான் அவர். லிஸ்பனில் எழுதியதால் என் பாதி என்றார் அர்மிந்தோ. தீவில் பாதுகாத்ததால் என் பாதி என்றார் துல்சே. ஒரு மாதம் இருவரும் பேசிக்கொள்ளவில்லை. கடைசியில் ஆளுக்கு ஒரு பக்கம் பிரித்துக்கொண்டார்கள். வாசகர் முழுவதும் படிக்க வேண்டுமானால் புத்தகத்தைக் கார் ஸ்டீயரிங் போலத் திருப்பிக்கொண்டே இருக்க வேண்டும்.

"சனிக்கிழமை வெளியீட்டு விழா. ஃபிலோமினா வருகிறார். அவர் கையில் திருப்பிக் கொடுப்பதாக வாக்குக் கொடுத்தவள் நான்," என்றார் துல்சே.

நடந்தது இதுதான். வெள்ளிக்கிழமை ஆறு மணிக்குத் துல்சே கிளம்பினார். சற்று நேரத்தில் அர்மிந்தோவும். கடிதங்கள் இருந்த பழுப்பு நிறப் பெரிய உறையைத் தன் மேசைமேல் விட்டுப் போனதாக அவர் சொல்கிறார். ஆறரைக்குப் பிரபாலினி வந்து எட்டுக்குப் போனார். சனியும் ஞாயிறும் யாரும் வரவில்லை. நேற்று, திங்கள் காலை, ஏழரைக்குத் துல்சே வந்து கதவைத் திறந்தார். ஆராவ் நகரில் இருக்கும் பைண்டிங் பட்டறையின் வண்டிக்காரர் வந்து மலரின் அட்டைகளை எடுத்துப் போனார். வாசலில் நின்றபடியே எட்டி எடுத்தார், உள்ளே வரவில்லை. ஒன்பது மணிக்கு அர்மிந்தோ வந்தார், உறையைக் காணோம் என்றார்.

"சாவி மூன்று பேரிடம்தான். பிரபாலினி உறையைத் தொடவில்லை என்று எழுதிக் கையெழுத்தும் வைத்திருக்கிறாள்," என்றார் துல்சே. "எனக்கு மட்டும் இது பிடிக்குமா? அவளைப் பத்து வருடமாகத் தெரியும். ஆனால் வேறு யாரும் இல்லையே."

"அர்மிந்தோ எங்கே?" என்று கேட்டார் வேணுகா.

"ஆராவில். பைண்டிங்கைப் பார்வையிட."

"அவர் அறையைப் பார்க்கலாமா?"

நேற்றிலிருந்து பூட்டி வைத்திருந்தார்கள். திறந்ததும் எனக்கு என் கல்லூரி விடுதி ஞாபகம் வந்தது. சுவரலமாரிகளில் ஒரு சாண் இடம் கிடையாது. மேசையில் விளக்கு, மூன்று அடுக்குப் புத்தகங்கள், ஸ்டேப்ளர், பென்சில் குவளை, காபிக் கோப்பைகள் நான்கு, வண்ணச் சேவல் பொம்மை ஒன்று.

வேணுகா சேவலைத் தூக்கினார். கீழே சேவலின் அடிப்பாகம் அளவுக்கு வட்டமாகத் தூசி. சுற்றிலும் மேசை பளபளவென்று இருந்தது. ஸ்டேப்ளரைத் தூக்கினார். ஸ்டேப்ளர் வடிவில் தூசி. கோப்பை, குவளை, எல்லாவற்றுக்கும் கீழே அதனதன் அளவில் ஒரு தூசித் தீவு.

"பிரபா, இஞ்சை வாங்கோ. ஏன் சாமானுகளை அரக்கித் துடைக்கிறேல்லை?"

"மேசையில இருக்கிறதைத் தொடக்கூடாது எண்டு கொன்ராக்டில கிடக்கு அக்கா. சுத்தித்தான் துடைக்கிறது. இந்தச் சேவல் ரெண்டு வருசமா அதே இடம்தான்."

"ஈஸ்வர், அந்தப் புத்தகத்தை இந்த மேசையில வையுங்கோ. காணாமல் போன கவரும் அதே அளவுதான்."

கையிலிருந்த இதழை வைக்கப் போனேன். விளக்குக்கும் சேவலுக்கும் நடுவே கொள்ளவில்லை. குவளைக்குப் பக்கத்தில் வைத்தால் பாதி காற்றில் தொங்கியது. புத்தக அடுக்குகளின் உச்சியில் பார்த்தேன். அங்கும் தூசி சீராகப் படிந்திருந்தது, எதையும் வைத்து எடுத்த தடம் இல்லை. மேசையைச் சுற்றி ஒருமுறை நடந்துவிட்டு இதழை அக்குளிலேயே வைத்துக்கொண்டேன்.

"இடமே இல்லையே மேடம்."

"ஓம். ஒரு சாமானும் அரக்குப்படேல்லை. அப்ப வெள்ளிக்கிழமையும் இடம் இருந்திருக்காது."

"அப்படின்னா அர்மிந்தோ புளுகுறார்."

"ஆராவுக்கு அடுத்த ரெயின் எத்தினை மணிக்கு?"

ரயிலில் நான் வழக்கையே முடித்துவிட்டேன். நடுப்பக்கச் சண்டையில் பாதியை விட்டுக்கொடுத்த ஆத்திரம். கடிதங்களை ஒளித்துவைத்தால் துல்சே கொடுத்த வாக்கு பொய்க்கும், அவர் தலைகுனிவார், இதழ் முழுவதும் அர்மிந்தோ கைக்கு வரும். எல்லாம் பொருந்தியது. வேணுகா ஜன்னல் வழியே வயல்களைப் பார்த்துக்கொண்டே, "அப்பிடியோ?" என்றார்.

"என் மேலயே அதைப் பிரயோகிக்காதீங்க மேடம்."

"கெட்ட எண்ணத்தோட செய்யிற ஆள், பொய்யை வடிவா யோசிச்சுச் சொல்லும். இந்த மனுசன் தன்ரை மேசையையே ஒருக்காப் பாக்காமல் சொல்லியிருக்கிறார். பயத்தில வந்த பொய் இது."

"பயந்தவன் திருட மாட்டானா?"

"திருடுவான். ஆனா பிறகு வேலைக்கு வரமாட்டான்."

பைண்டிங் பட்டறை ஆராவில் ரயில் நிலையத்திலிருந்து பத்து நிமிட நடை. உள்ளே பசை வாசனை. மடிப்பு இயந்திரத்துக்குப் பக்கத்தில் ஐம்பத்தைந்து வயது மதிக்கத்தக்க ஒருவர் காதில் அடைப்பானோடு நின்றிருந்தார். எங்களைக் கண்டதும் அதைக் கழற்றிவிட்டு, "தமிழோ?" என்றார். பெயர் சிறீதரன். இருபது வருடமாக அங்கே வேலை. அர்மிந்தோ எங்கே என்று கேட்டோம். மூலையைக் காட்டினார்.

அர்மிந்தோ கொழுகொழுவென்று, மூக்குக்கண்ணாடியை நெற்றியில் ஏற்றிவிட்டு, மலரின் தாள்களை ஒவ்வொன்றாகத் தலைகீழாகத் திருப்பிச் சரிபார்த்துக்கொண்டிருந்தார். கண்களுக்குக் கீழே கருவளையம். வேணுகா கைபேசியில் எடுத்திருந்த மேசைப் படத்தை அவர் முன்னால் நீட்டினார்.

"உறையை எங்கே வைத்தீர்கள்? விரலை வைத்துக் காட்டுங்கள்."

அர்மிந்தோவின் விரல் படத்துக்கு மேலே கொஞ்ச நேரம் அலைந்தது. விளக்குப் பக்கம் போனது. சேவல் பக்கம் வந்தது. பிறகு அவர் ஒரு காகிதக்கட்டின் மேல் பொத்தென்று உட்கார்ந்தார்.

"தரையில்," என்றார்.

வெள்ளிக்கிழமை மாலை கடிதங்களைத் தேதிவாரியாகச் சரிபார்க்கத் தரையில் பரப்பியிருக்கிறார். மகளிடமிருந்து போன் வந்திருக்கிறது. நீச்சல் குளத்தில் சறுக்கிக் கையை முறித்துக்கொண்டாளாம். கடிதங்களை உறையில் அள்ளிப் போட்டு, கழிவுத்தாள் குவியலின்மேல் சாய்த்து வைத்துவிட்டு ஓடியிருக்கிறார். திங்கள் காலை உறையும் இல்லை, கழிவுத்தாளும் இல்லை.

"ஃபிலோமினாவின் கடிதங்களைக் குப்பையோடு வைத்தேன் என்று துல்சேயிடம் எப்படிச் சொல்வேன்? மேசை என்று வாயில் வந்துவிட்டது. அவள் பிரபாலினியைப் பிடிப்பாள் என்று நான் நினைக்கவில்லை. நேற்றிலிருந்து சாப்பாடு இறங்கவில்லை."

"சொல்லியிருக்கலாமே," என்றேன், என் ஓட்டை ஜெர்மனில்.

"சொல்லியிருக்க வேண்டும்," என்றார்.

எனக்கு வெற்றிக் களிப்பு. வேணுகாவைப் பார்த்தேன். அவர் முகத்தில் அது இல்லை.

"என்ன மேடம்? நம்ம கட்சி ஜெயிச்சாச்சே. மேசையில உறை இல்லைன்னு பிரபாலினி சொன்னது நிஜம்."

"கழிவுத்தாளை வெள்ளிக்கிழமையில ஆர் எடுத்துக் கட்டிப் போடுறது?"

அவர் முகம் ஏன் அப்படி இருந்தது என்று புரிந்தது. சுவிட்சர்லாந்தில் பழைய தாளைச் சணலால் குறுக்கும் நெடுக்கும் கட்டித்தான் வெளியே வைக்க வேண்டும். அது துப்புரவுக்காரர் வேலை. சனிக்கிழமை வண்டி வந்து அள்ளிக்கொண்டு போயிருக்கும். இந்நேரம் எங்கேயோ கூழ். திருட்டுப் பழியிலிருந்து எங்கள் ஆளைக் காப்பாற்றப் போய், முப்பத்தொரு கடிதங்களையும் குப்பையில் போட்டவர் அவர்தான் என்று நாங்களே நிரூபித்துவிட்டோம்.

வேணுகா போன் போட்டார். ஒலிபெருக்கியில் பிரபாலினியின் குரல் கேட்டது.

"பிரபா, அர்மிந்தோவின்ரை அறையில கீழ கிடந்த பேப்பருகளைக் கட்டிப் போட்டனீங்களோ?"

"ஓம் அக்கா. ஒவ்வொரு கிழமையும் போடுறதுதானே."

"அதுக்குள்ள ஒரு கவர் கிடந்ததோ?"

"கவர் ஒண்டையும் நான் எறியேல்லை. கையால எழுதினது கிடந்தா நான் எறியிறேல்லை அக்கா. அச்சடிச்சதைத்தான் கட்டுறது."

"அப்ப கையால எழுதினது கீழ கிடந்தா என்ன செய்யிறனீங்கள்?"

"என்ன செய்யிறது? ஒண்டும் செய்யிறேல்லை."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்கோ."

"உண்மையா ஒண்டும் செய்யிறேல்லை அக்கா."

வேணுகா போனை வைத்தார். மணி ஒன்று இருபது. நான் அங்குமிங்கும் நடந்தேன். தரையெங்கும் வெட்டி எறிந்த தாள்கள். வேணுகா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் யோசிக்கும்போது மற்றவர்கள்தான் என்னைப் பார்க்க வேண்டும், ஒப்பந்தம் அப்படி. அவரே பார்த்தால் எனக்குக் கூச்சமாக இருக்காதா?

"ஈஸ்வர், இப்ப என்ன செய்தனீங்கள்?"

"நானா? ஒண்ணும் பண்ணலையே."

"இப்ப, இந்த நிமிசம்."

"நடந்தேன் மேடம். நடக்கக் கூடாதா?"

அவர் அர்மிந்தோ பக்கம் திரும்பினார். "இவர் இப்போது என்ன செய்தார்? நீங்கள் பார்த்தீர்கள்தானே?"

அர்மிந்தோ குழப்பமாக என்னைப் பார்த்தார். "தாளை மிதித்தார். குனிந்து எடுத்தார். கண்ணில் வைத்துக்கொண்டார். முத்தம் கொடுக்கிற மாதிரி. பிறகு அங்கே வைத்தார்."

அவர் காட்டிய இடத்தில், என் தலைக்கும் உயரமான ஓர் அலமாரித் தட்டில், ஒரு தாள் இருந்தது. சத்தியமாகச் சொல்கிறேன், நான் அதை வைத்ததே எனக்கு நினைவில்லை. தாளில் கால் பட்டால் எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொள்வது நடை பழகிய நாளிலிருந்து வருவது. தாள் என்றால் சரஸ்வதி. அதை யாராவது ஒரு வேலையாக நினைத்து ஞாபகம் வைத்துக்கொள்வார்களா?

"மேடம்," என்றேன். "பிரபாலினியும்..."

"எங்கடை ஆக்கள் எல்லாருமே. ஆனா அர்மிந்தோவின்ரை மேசையைத் தொடக்கூடாது. அவரின்ரை அலுமாரியில இடமில்லை. அந்த ஒஃபீசில உயரமா, வெறுமையா இருக்கிற இடம் என்ன?"

"வாசலுக்குப் பக்கத்துல ஒரு தட்டு இருந்துச்சு. ஒண்ணுமே இல்லாம."

"இண்டைக்கு ஒண்டும் இல்லை," என்ற வேணுகா அர்மிந்தோவிடம் ஜெர்மனில் கேட்டார். "வாசலோரத் தட்டில் வெள்ளிக்கிழமை என்ன இருந்தது?"

அர்மிந்தோ எழுந்து நின்றுவிட்டார். ஏதோ புரிந்த மாதிரி நெற்றிக் கண்ணாடியை மூக்குக்கு இறக்கினார். "அட்டைகள். பைண்டிங்குக்கு அனுப்ப வேண்டிய அட்டைகள்." சற்று நின்று, "என் குறிப்புகள் அடிக்கடி அந்தத் தட்டில் கிடக்கும். துல்சே எடுத்து வைக்கிறாள் என்று பத்து வருடமாக நினைத்துக்கொண்டிருந்தேன்," என்றார்.

நாங்கள் மூவரும் சிறீதரனிடம் ஓடினோம். இயந்திரத்தை நிறுத்தச் சொல்லிக் கத்திய வேகத்தில் அவர் யாருக்கோ விரல் போய்விட்டது என்று நினைத்துப் பதறினார்.

"அண்ணை, நேற்று ஷ்லீரனிலயிருந்து அட்டையோட ஒரு கவர் வந்ததோ? பழுப்புக் கவர்," என்றார் வேணுகா.

"ஓம், வந்தது. டெலிவரிச் சீட்டில அது இல்லை. சீட்டில இல்லாத சாமானை இஞ்சை ஒருத்தரும் தொடேலாது. பெட்டியில போட்டிட்டன்."

பட்டறையின் கோடியில் ஒரு பச்சைப் பெட்டி. 'தெளிவில்லாதவை' என்று ஜெர்மனில் எழுதி ஒட்டியிருந்தது. சுவிஸ்காரர்களிடம் தெளிவில்லாத விஷயங்களுக்கும் ஒரு பெட்டி இருக்கும். அதற்குள் ஒரு குடை, யாருடையதோ ஒரு கையுறை, அதன் மேல் பழுப்பு நிற உறை. 'ஃபிலோமினா' என்று நீல மையில் எழுதியிருந்தது.

"ஒரு போன் அடிச்சிருக்கலாமே சார்," என்றேன் சிறீதரனிடம்.

"போன் அடிக்கிற முறை இல்லைத் தம்பி. படிவம் இருக்கு. நேற்றே நிரப்பி அனுப்பிட்டன், பி போஸ்டில."

அது மெதுவாகப் போகும் தபால். வியாழக்கிழமை வாக்கில் சேரும். அதற்குள் ஒரு மனுஷியின் இருபத்திரண்டு வருடம் முடிந்திருக்கும்.

அர்மிந்தோ ஒவ்வொன்றாக எண்ணினார். முப்பத்தொன்று.

திரும்பும் ரயிலில் அவர்தான் முதலில் பேசினார். உறையை மார்போடு அணைத்துப் பிடித்திருந்தார்.

"துல்சேயிடம் நான் சொல்லிவிடுகிறேன். ஞாபகமறதியாக நானே அட்டைகளோடு வைத்துவிட்டேன் என்று. பிரபாலினி பெயரே வராது. அவள் தொடவில்லை என்று கையெழுத்துப் போட்டிருக்கிறாள். அது அப்படியே இருக்கட்டும்."

எனக்கு அந்த மனிதரைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. "சூப்பர். கேஸ் முடிஞ்சுது. யாருக்கும் நஷ்டமில்லை."

வேணுகா தலையாட்டவில்லை. "வியாழக்கிழமை பிரபா அங்கை போய் இருக்கப்போறா. அவவின்ரை பேரில ஒரு பொய் சொல்லுறதெண்டா அதை அவதான் தீர்மானிக்கவேணும். நாங்கள் இல்லை."

நான் வாதாடினேன். வேணுகா மறுபடி ஜன்னலைப் பார்க்க ஆரம்பித்துவிட்டார். கையெழுத்துப் போட்ட வாக்குமூலம் பொய்யென்று தெரிந்தால் துல்சே எப்படி எடுத்துக்கொள்வார் என்று எனக்குப் பயமாகவே இருந்தது.

நாலரைக்கு அலுவலகத்தில் நுழைந்தோம். பிரபாலினி நேர்காணலுக்கான கேள்விப் புத்தகத்தை வைத்துக்கொண்டு மாடிப்படியில் உட்கார்ந்திருந்தார். உள்ளே போக அவருக்கு மனமில்லை. வேணுகா பக்கத்தில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னார். தரை, வாசலோரத் தட்டு, ஆராவ், பச்சைப் பெட்டி. அர்மிந்தோ சொல்ல நினைத்திருக்கும் பொய்யையும் சொன்னார்.

"அப்ப நான் தொட்டனானோ?" என்றார் பிரபாலினி. அவர் கேட்டது அந்த ஒன்றைத்தான். "தொடேல்லை எண்டு கையெழுத்து வைச்சிட்டனே."

"தெரியாமல் வைச்சனீங்கள். அர்மிந்தோ சொல்லுற மாதிரிச் சொன்னா ஒரு பிரச்சினையும் வராது. உங்கடை விருப்பம்."

பிரபாலினி புத்தகத்தை மூடிப் பைக்குள் வைத்தார். "இல்லை அக்கா. வியாழக்கிழமை அவையளுக்கு முன்னால போய் நான் நேர்மையான ஆள் எண்டு சொல்லவேணும். இப்பிடி ஒண்டை வைச்சுக்கொண்டு எப்பிடிச் சொல்லுறது?"

எழுந்து நேராக உள்ளே போனார். நாங்கள் மூவரும் பின்னால்.

உறையைப் பார்த்ததும் துல்சே நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். பிரித்தார், முதல் கடிதத்தைத் தொட்டுப் பார்த்தார், மறுபடி உள்ளே வைத்தார். அர்மிந்தோ தன் பங்கைச் சொன்னார், தரை, குப்பை, பொய் எல்லாவற்றையும். துல்சே அவரை ஒரு பார்வை பார்த்தார். அந்தப் பார்வைக்கு மொழிபெயர்ப்பு வேண்டியிருக்கவில்லை. அடுத்த இதழ் வரும்வரை அவருக்கு அதுதான் கிடைக்கப்போகிறது.

பிறகு பிரபாலினி பேசினார். ஒவ்வொரு ஜெர்மன் சொல்லாகப் பொறுக்கி எடுத்து.

"நான் தொடவில்லை என்று எழுதினேன். அது தப்பு. நான்தான் எடுத்தேன். எடுத்து மேலே வைத்தேன். எனக்கு நினைவில்லை, ஆனால் நான்தான். அந்தத் தாளை மாற்றி எழுத வேண்டும்."

"ஏன் மேலே வைத்தாய்?" என்றார் துல்சே.

பிரபாலினி விழித்தார். இதற்கெல்லாம் காரணம் சொல்ல வேண்டுமா என்பது போல. "யாரோ கையால் எழுதியது. காலுக்குக் கீழே கிடந்தது."

துல்சே அர்மிந்தோவின் அறை வாசல்வரை நடந்து, வழக்கமாகக் கழிவுத்தாள் குவியும் மூலையைப் பார்த்தார். போன வெள்ளிக்கிழமை அந்த இடத்தில் கிடந்த தாள் எல்லாம் சனிக்கிழமை வண்டியில் போய்விட்டது. உறை ஒன்றுதான் தப்பியது. அது அவருக்கு உறைக்க எவ்வளவு நேரம் ஆனது என்று நான் பார்க்கவில்லை. எனக்கே அப்போதுதான் முழுவதுமாக உறைத்தது.

திரும்பி வந்து புகார்க் கடிதத்தை எடுத்து நான்காகக் கிழித்தார். பிரபாலினியின் வாக்குமூலத்தை முன்னால் இழுத்து, ஒரு வரியை அடித்து, கீழே நாலைந்து வரி எழுதிக் கையெழுத்திட்டார். வேணுகாவிடம் நீட்டினார். "அவளுக்கு அவள் மொழியில் படித்துக் காட்டுங்கள். ஒரு சொல் விடாமல்."

வேணுகா படித்தார். "உறையை எடுத்து மேல வைச்சது பிரபாலினி. அவ அப்பிடிச் செய்திருக்காட்டி இந்தக் கடிதங்கள் இண்டைக்கு இல்லை. அவவைச் சந்தேகப்பட்டது என்ரை பிழை. மன்னிப்புக் கேக்கிறன்."

"வியாழக்கிழமை எத்தனை மணிக்கு?" என்றார் துல்சே.

"மூன்று மணிக்கு."

"வெளியே பெஞ்சு இருக்கும்தானே. நான் வந்து உட்கார்ந்திருப்பேன். உள்ளே யாராவது உன்னைப் பற்றிக் கேட்டால் என்னைக் கூப்பிடச் சொல். நான் இந்த நாட்டுக் குடிமகள். என் பேச்சைக் கேட்பார்கள்."

பிரபாலினி சரி என்று தலையசைத்தார். நேற்றுக் காலையிலிருந்து எத்தனை பேர் சந்தேகப்பட்டுக் கேட்டும் அவர் கண் கலங்கவில்லை. இப்போது பத்து வருடமாகத் துடைத்த அந்தத் தரையைப் பார்த்தபடி நின்று, சத்தமாக அழுதார்.